வீடு முடிஞ்சிருச்சு

2019 மார்ச்சில் நானும் கணவரும் ஐந்து வயது மகளும் சிங்கப்பூர் வந்து இறங்கினோம். முதல் மூன்று வாரம் தங்குவதற்கு அவருடைய அலுவலகமே இடம் கொடுத்திருந்தது. அதற்குள் வாடகைக்கு ஒரு வீடு பார்த்துவிடலாம் என்றுதான் நினைத்தோம். வேலை அனுமதி இருந்தது, சம்பளக் கடிதம் இருந்தது, முன்பணமும் கையில் இருந்தது. வேறென்ன கேட்கப் போகிறார்கள்?

வீட்டு முகவர்கள் வாட்ஸ்அப்பில் கேட்ட முதல் கேள்வி, "என்ன இனம்?" அடுத்த கேள்வி, "சமைப்பீர்களா?" விளம்பரங்களில் 'லைட் குக்கிங்' என்று போட்டிருப்பார்கள். முட்டை வேகவைக்கலாம், நூடுல்ஸ் போடலாம், தாளிக்கக் கூடாது என்று அதற்கு அர்த்தம். தோ பாயோவில் ஒரு வீடு எங்களுக்கு ரொம்பப் பிடித்திருந்தது. மறுநாள் காலை பத்து மணிக்கு வரச் சொன்ன முகவர், கணவரின் முழுப்பெயரைக் கேட்டார். அனுப்பினோம். ஐந்து நிமிடத்தில் பதில் வந்தது: "சாரி, வீடு முடிந்துவிட்டது." அந்த விளம்பரம் அன்று சாயங்காலமும் அப்படியே இருந்தது. ஒரு வாரம் கழித்துப் பார்த்தபோதும் இருந்தது.

எனக்குக் கோபம் வந்தது. கோபத்தோடு சேர்ந்து பழைய ஞாபகம் ஒன்றும் வந்தது. அதற்குக் கடைசியில் வருகிறேன்.

ஒன்பது வீடுகள் கைநழுவிய பிறகு ஈசூனில் ஒரு சீனப் பாட்டி வீடு கொடுத்தார். "எண்ணெய் வைக்கும்போது சன்னலைத் திறந்து வை" என்பது மட்டும்தான் அவர் போட்ட நிபந்தனை. முதல் நாள் கடுகு வெடித்தபோது சன்னல் மட்டுமில்லாமல் வாசல் கதவையும் திறந்து வைத்தேன். எதிர்வீட்டு மலாய் அம்மா எட்டிப் பார்த்து, "கறியா?" என்று கேட்டார். சாம்பார் என்றேன். அவருக்கு அதுவும் தெரிந்திருந்தது.

எங்கள் அடுக்குமாடி புளோக்கில் சீனர், மலாய்க்காரர், இந்தியர் எல்லாரும் கலந்து குடியிருப்பது தானாக நடந்தது இல்லை. 1989-இல் கொண்டுவந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கைப்படி வீவக, அதாவது அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம், கட்டிய புளோக் ஒவ்வொன்றிலும் எந்த இனத்தவர் எவ்வளவு வீடு வாங்கலாம் என்று உச்சவரம்பு உண்டு. சீனருக்கு 87 சதவீதம், மலாய்க்காரருக்கு 25, இந்தியருக்கும் பிறருக்கும் சேர்த்து 15. சீனர் வரம்பு நிரம்பிய புளோக்கில் ஓர் இந்தியர் தன் வீட்டைச் சீனருக்கு விற்க முடியாது. வாங்க ஆள் கிடைக்காமல் விலையைக் குறைத்து, மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். அந்தக் கஷ்டம் பெரும்பாலும் சிறுபான்மையினர் தலையில்தான் விழுகிறது. கேட்டதும் எனக்கு உறுத்தியது. வீடு வாங்குவதற்குக்கூட இனக் கணக்கா?

அந்தப் புளோக்கிலேயே வாழ்ந்து பார்த்த பிறகு அவ்வளவு சுலபமாக அதைத் தள்ளிவிட முடியவில்லை. கீழ்த்தளத்தில் வாய்ட் டெக் என்று சுவரில்லாத பொதுவிடம் ஒன்று உண்டு. ஒரு சனிக்கிழமை அங்கே மலாய்க் கல்யாணம், பாட்டும் பிரியாணியும். அடுத்த வாரம் அதே இடத்தில் ஒரு சீனத் தாத்தாவின் சாவு, மூன்று ராத்திரி மேளமும் மந்திரமும். பள்ளிக்கூடம் விட்டு வந்த என் மகள் இரண்டுக்கும் நடுவே புகுந்து லிஃப்டுக்கு ஓடுவாள். அவள் எதற்கும் பயப்படவில்லை.

உணவங்காடியில் தட்டுகளைத் திருப்பி வைக்கும் இடத்தில் ஹலால் தட்டுக்குத் தனி அடுக்கு, மற்றதற்குத் தனி அடுக்கு. எனக்கு அது தெரியாது. சீனக் கடையில் மீன் சூப் சாப்பிட்ட கிண்ணத்தைத் தட்டோடு கொண்டுபோய் ஹலால் அடுக்கில் வைத்துவிட்டேன். மேசை துடைத்துக்கொண்டிருந்த வயதான மலாய்க்காரர் பக்கத்தில் வந்தார். முகம் சுளிக்கவில்லை. அந்தத் தட்டை எடுத்து அடுத்த அடுக்கில் வைத்தார், வைத்திருந்த இடத்தைத் துணியால் துடைத்தார், என்னைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுப் போனார். எனக்குத்தான் உடம்பெல்லாம் கூசியது. இன்றுவரை அடுக்கைப் பார்க்காமல் நான் தட்டு வைத்ததில்லை.

எங்கள் மாடியிலேயே ஒரு தமிழ் அங்கிள் இருந்தார். தமிழ்க் குரலைக் கேட்ட சந்தோஷத்தில், நம் வழக்கப்படி, "உங்களுக்குச் சொந்த ஊர் எது அங்கிள்?" என்று கேட்டுவிட்டேன்.

"ஈசூன்தான்மா" என்றார். "என் தாத்தா காலத்துல வந்தோம். தமிழ்தான் பேசுறோம், ஆனா நான் இந்தியாக்காரன் இல்ல."

பழகிய பிறகு இன்னொன்றும் சொன்னார். அவருடைய மகன் கட்டாய ராணுவப் பணியான இரண்டு வருட தேசிய சேவையை முடித்தவன். நண்பர்களோடு தங்க அறை தேடியபோது, பெயரைப் பார்த்துவிட்டு இரண்டு இடத்தில் வேண்டாம் என்று சொல்லியிருக்கிறார்கள். "நீங்க எல்லாம் நிறைய வர ஆரம்பிச்சதும் எங்களையும் ஒண்ணாச் சேர்த்துப் பார்க்குறாங்க" என்றார். அவர் குரலில் கோபமே இல்லை, அதனால்தான் எனக்கு அதிகம் வலித்தது. நான் மறுக்கப்பட்டது எனக்கு மட்டும் நடந்தது என்று நினைத்திருந்தேன். என்னை மனதில் வைத்துக்கொண்டு, அந்த நாட்டுக்காகத் துப்பாக்கி தூக்கிய பையனை மறுத்திருக்கிறார்கள்.

2011-இல் ஊரெல்லாம் பேசிய கறிக் கதையையும் அவர்தான் சொன்னார். பக்கத்து வீட்டு இந்தியர் சமைக்கும் கறியின் வாசனை தாங்கவில்லை என்று சீனாவிலிருந்து வந்த ஒரு குடும்பம் சமரச மையத்துக்குப் போனது. அந்தச் சீனக் குடும்பம் வீட்டில் இல்லாதபோது மட்டும் கறி சமைப்பதாக இந்தியக் குடும்பம் ஒப்புக்கொண்டது. செய்தி வெளியே வந்ததும் ஊர் கொதித்துப்போனது. ஆகஸ்ட் 21, ஞாயிற்றுக்கிழமை, எல்லாரும் கறி சமைப்போம் என்று ஆயிரக்கணக்கானோர் கிளம்பினார்கள். சிங்கப்பூர்ச் சீனரும் சமைத்தார்கள். கறி எங்கள் சாப்பாடு என்று அவர்களும் சேர்ந்து சொன்னதைக் கேட்டு எனக்கு மனசு நிறைந்தது. ஆனால் அந்த 'எங்கள்' புதிதாக வந்தவர்களுக்கு எதிராகவும் நின்றது. வந்தவர்கள் அன்று சீனாக்காரர்கள், இன்று நாங்கள்.

சகிப்புத்தன்மை என்ற சொல் எனக்கு முன்பே பிடிக்காது. கல்யாணமாகிப் போகிற பெண்ணிடம் "சகிச்சுக்கிட்டுப் போம்மா" என்றுதானே சொல்கிறோம்? ஆனாலும் அதைவிடக் குறைந்தது என்ன என்பதை இந்த ஊர் பார்த்திருக்கிறது. 1964 ஜூலை 21 அன்று நபிகள் பிறந்தநாள் ஊர்வலத்தில் மூண்ட கலவரத்தில் 23 பேர் செத்துப்போனார்கள். அந்தத் தேதியில்தான் பள்ளிகளில் இன நல்லிணக்க நாள். என் மகள் பட்டுப்பாவாடையோடு போய், தோழி போட்டிருந்த பாஜு குரோங் என்ற மலாய் உடையைத் தொட்டுப் பார்த்துவிட்டு வந்து, தனக்கும் ஒன்று வேண்டும் என்றாள். இனம், மொழி, மதம் பாராமல் ஒன்றாக இருப்போம் என்று பிள்ளைகள் தினமும் சொல்லும் தேசிய உறுதிமொழியை 1966-இல் எழுதியவர் யாழ்ப்பாணத்தில் பிறந்த எஸ். ராஜரத்தினம். 2023-இல், பத்தில் ஏழு பேருக்கு மேல் சீனர்களாக இருக்கும் நாட்டில், இரண்டு சீன வேட்பாளர்களுக்கு எதிராக நின்ற தர்மன் சண்முகரத்தினம் 70.4 சதவீத வாக்கு வாங்கி அதிபரானார். அதே நாட்டில்தான் என் கணவரின் பெயரைப் பார்த்ததும் வீடு முடிந்துபோனது. வேலையிடப் பாகுபாட்டுக்கு எதிராக 2025 ஜனவரியில் நாடாளுமன்றம் சட்டம் நிறைவேற்றியிருக்கிறது. வாடகைக்கு வீடு கொடுப்பவரை அது கட்டுப்படுத்தாது.

இப்போது அந்த ஞாபகம். திருச்சி உறையூரில் எங்கள் வீட்டு மாடியை அப்பா வாடகைக்கு விடுவார். எனக்கு அப்போது பதினான்கு வயது. ஒரு மத்தியானம் சைக்கிளில் ஒருவர் வந்தார், முன்கம்பியில் சின்னப் பையன். பெயரைக் கேட்டுக்கொண்டு உள்ளே வந்து அப்பாவிடம் சொன்னேன். முஸ்லிம் பெயர். பேப்பரிலிருந்து நிமிராமலே, "வீடு முடிஞ்சிருச்சுன்னு சொல்லிட்டு வா" என்றார்.

போய்ச் சொன்னேன். அவர் என்னைப் பார்த்தார். அப்புறம் கேட்டில் தொங்கிய 'வாடகைக்கு' அட்டையைப் பார்த்தார். "சரிம்மா" என்று சொல்லிவிட்டு சைக்கிளைத் திருப்பினார். அந்த அட்டையில் எழுதியிருந்தது என் கையெழுத்து.

போன மாதம் அப்பா போன் பண்ணினார். மாடி காலியாகிவிட்டதாம், மருத்துவமனையில் வேலை பார்க்கும் ஒரு பையன் மனைவியோடு வந்து கேட்டானாம். பெயரைச் சொல்லிவிட்டுச் சற்று நிறுத்தினார். தோ பாயோ வீட்டுக் கதையை அன்றைக்குத்தான் முதல்முறையாக அவரிடம் சொன்னேன், சைக்கிள்காரரையும் சேர்த்து. அப்பாவுக்கு அந்த சைக்கிள்காரரை ஞாபகம் இல்லை. கொடுங்கப்பா என்றேன். "அம்மாகிட்ட ஒரு வார்த்தை கேட்டுக்கறேன்" என்றார். நேற்றுப் பேசும்போதும் கேட்டேன். இன்னும் பேசவில்லை என்றார்.