சுண்டுவிரலுக்குள் நிலா
நேற்று மொட்டைமாடியிலிருந்து பௌர்ணமி நிலா எழுவதைப் பார்த்தேன். தென்னைகளுக்கு மேல் தாம்பாளம் போல, அத்தனை பெரிது! கையை நீட்டிச் சுண்டுவிரல் நுனியால் மறைத்தேன், மறைந்துவிட்டது. நள்ளிரவில் உச்சிக்கு ஏறிச் சிறுத்து நின்ற நிலாவையும் அதே நுனி அப்படியே மறைத்தது.

இரண்டு வேளையிலும் அது கண்ணில் அடைக்கும் இடம் ஏறக்குறைய அரை டிகிரிதான். சொல்லப்போனால், அடிவானத்தில் இருக்கும்போது நமக்குச் சுமார் 6,400 கிலோமீட்டர் கூடுதல் தொலைவு. ஒரு துளி சிறியதாகவே தெரிய வேண்டும்! காற்று மண்டலம் பெரிதாக்கிக் காட்டுகிறது என்பது தவறு. மரங்களும் வீடுகளும் இடையில் இருப்பதால் அடிவானம் மிகத் தொலைவு என்று மூளை கணக்கிட்டு நிலாவைப் பெரிதாக்குகிறது என்பது ஒரு பழைய விளக்கம். ஆய்வாளர்களிடையே இன்னும் முழு உடன்பாடு இல்லை.

கைபேசியில் படமெடுத்துப் பாருங்கள். பொட்டு அளவுதான் இருக்கும்.