ஙோபிக்குப் போன கதை

ஜகார்த்தா வந்த புதிதில், அலுவலகத்துப் பையன் ஒருவன் வாட்ஸப்பில் கூப்பிட்டான்: "மாஸ், ஙோபி யுக்!" மாஸ் என்றால் அண்ணன். ஙோபி என்றால் காபி குடிப்பது. (ங-வில் தொடங்கும் சொல்லை எழுதும் பாக்கியம் இங்கே வந்துதான் கிடைத்தது.) காபிதானே, அரை மணியில் வந்துவிடலாம் என்று போனேன். அறைக்குத் திரும்பும்போது இரவு பதினொன்று.

காபி வெறும் சாக்கு. நடப்பது நொங்க்ரோங். அகராதி இதற்கு முதலில் குந்தி உட்காருவது என்று பொருள் சொல்லும். நடைமுறையில், நான்கு பேர் சேர்ந்து, ஒரு வேலையும் இல்லாமல், எழுந்து போக மனமும் இல்லாமல் உட்கார்ந்திருப்பது. முன்னால் ஆளுக்கொரு கோபி சூசூ குலா ஆரென், அதாவது ஆரென் என்ற பனைவகையின் வெல்லம் போட்ட ஐஸ் பால்காபி. அடியில் வெல்லப்பாகு, நடுவில் பால், மேலே காபி. கலக்கவே மனசு வராது. ஐஸ் உருகித் தண்ணீரானாலும் யாரும் கிளம்பமாட்டார்கள்.

கையில் காசில்லாத நாளில் ஸ்டார்லிங். சைக்கிளில் ஃபிளாஸ்க்கைக் கட்டி, காபித்தூள் பாக்கெட்டுகளைச் சரம் சரமாகத் தொங்கவிட்டு வருபவருக்கு வைத்த பட்டப்பெயர். 'ஸ்டார்பக்ஸ் கெலிலிங்', சுற்றித் திரியும் ஸ்டார்பக்ஸ்! நடைபாதை விளிம்பே நாற்காலி.

என்னைக் கூப்பிட்டவன் போஜோங்கெடேக்காரன். 2022-இல் ஜகார்த்தாவின் நடுவே டுகு அத்தாஸில் கூடிய கூட்டத்தில் அவனும் இருந்தான். சித்தாயாம், போஜோங்கெடே, டெப்போக்கிலிருந்து புறநகர் ரயிலேறி வந்த பிள்ளைகள், மலிவான சட்டையும் தொளதொள பேண்ட்டுமாகச் சாலையைக் கடக்கும் ஜீப்ரா கோடுகள் மீதே ஃபேஷன் நடை நடந்தார்கள். ரயிலில் அப்போது முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ருப்பியாதான். சித்தாயாம் ஃபேஷன் வீக் என்று பெயர் பரவியதும், ஒரு பிரபலத்தின் நிறுவனம் அந்தப் பெயரையே வணிகச்சின்னமாகப் பதிய விண்ணப்பித்தது. எதிர்ப்பு கிளம்பியதும் வாபஸ். பிள்ளைகள் சும்மா குந்தியிருந்ததைக்கூட விட்டுவைக்கவில்லை பாருங்கள்.

"போட்டோ இருக்கா?" என்று கேட்டேன். காட்டினான். பச்சைச் சட்டை, அப்பாவின் பெல்ட், முகத்தில் அப்படியொரு தெனாவட்டு. "அப்பாவுக்குத் தெரியுமா?" "பெல்ட்டைத் தேடினார், மாஸ்."

ஒன்று மட்டும் பழக நாளாயிற்று. ஆறு மணி என்பார்கள். ஆறரைக்குக் கேட்டால் "ஓடிடபிள்யூ", வழியில் இருக்கிறேன் என்று பதில் வரும். இன்னும் குளிக்கவில்லை என்று அர்த்தம். போன சனிக்கிழமை என்னிடம் கேட்டான். தலையில் ஷாம்பு நுரையோடு நானும் அதையேதான் தட்டிவிட்டேன்.