போலீஸில் கொடுத்த வாக்குமூலம் கோர்ட்டில் என்ன ஆகும்?

மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் தோட்டத்தில் ஒரு வெட்டுக்குத்து நடந்துவிட்டால் மறுநாளே ஒட்டுக்கடையில் எல்லாரும் வக்கீல்தான். "அவன்தான் பாலாயில் (போலீஸ் ஸ்டேஷனில்) எல்லாத்தையும் எழுதிக் கொடுத்துட்டானே, இனிமே கோர்ட்டுக்கு வேற எதுக்கு வரணும்?" என்று ஒருவர் கேட்க, மற்றவர்கள் தலையாட்டுவார்கள். நான் ஒரு வக்கீல் ஆபீஸில் கிராணி (குமாஸ்தா). இந்தக் கேள்விக்கு வாயால் பதில் சொல்லிச் சலித்துவிட்டது, அதனால் எழுதுகிறேன்.

முதலில், ரிப்போர்ட் வேறு, வாக்குமூலம் வேறு. சம்பவம் நடந்ததும் போய்ப் போடுகிறோமே, அது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 107ஆம் பிரிவு ரிப்போர்ட். அப்புறம் விசாரணை அதிகாரி கூப்பிட்டு உட்காரவைத்துக் கேள்வி கேட்டு எழுதுவது அதே சட்டத்தின் 112ஆம் பிரிவு வாக்குமூலம். அதில் கேட்டதற்கு உண்மையைச் சொல்லியாக வேண்டும். நம்மையே குற்றவாளி ஆக்கும் கேள்விக்கு மட்டும் பதில் சொல்ல மறுக்கலாம். இதை அதிகாரியே முன்கூட்டிச் சொல்ல வேண்டும் என்றும் அதே பிரிவில் இருக்கிறது.

ஆனால் அந்த வாக்குமூலம் கோர்ட்டில் சாட்சியம் ஆகாது. 113ஆம் பிரிவு பொதுவாக அதற்குக் கதவடைக்கிறது. சாட்சி நேரில் வந்து, கூண்டில் நின்று, எதிர்த்தரப்பு வக்கீலின் குறுக்கு விசாரணைக்கும் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும். அப்படியென்றால் அந்தக் காகிதம் எதற்கு? விசாரணைக்கு உதவும், சரி. கோர்ட்டில் அது பெரும்பாலும் சாட்சிக்கு எதிராகவே திரும்பும். பாலாயில் ஒன்று, கூண்டில் வேறு என்று பேசினால், அரசுத் தரப்போ எதிரித் தரப்போ (குற்றம் சாட்டப்பட்டவர் பக்கம்) கேட்டுக்கொண்டால் நீதிபதி பழைய வாக்குமூலத்தை எடுத்துப் பார்ப்பார். முரண்பாடு பெரிதாக இருந்தால் சாட்சியின் நம்பகத்தன்மையையே தாக்க அதைப் பயன்படுத்தலாம். அப்போதும்கூடப் பழைய வாக்குமூலம் உண்மை என்று ஆகிவிடாது. சாட்சியின் பேச்சுத்தான் எடை இழக்கும்.

சின்னச் சின்ன வித்தியாசத்துக்கெல்லாம் இப்படிச் செய்ய முடியாது. 1948இல் முத்துசாமி வழக்கில் நீதிபதி டெய்லர் சொன்னதைத்தான் இன்றும் வக்கீல்கள் எடுத்துக்காட்டுகிறார்கள்: அற்ப வேறுபாடு வேறு, பெரிய முரண்பாடு வேறு, அது பெரிதென்றால் சாட்சி விளக்கம் சொல்ல வாய்ப்புக் கொடுக்க வேண்டும்.

எனக்கு உறுத்துவது வேறொன்று. தோட்டத்து ஆள் ஒருவர் தமிழில் சொல்கிறார், எழுதுவது மலாயில், அதுவும் கேள்விகளை விட்டுவிட்டுக் கதைபோலக் கோர்த்து. சத்தம் கேட்டு வெளியே வந்தபோது ஒருவன் கீழே கிடந்தான் என்று அவர் சொல்லியிருப்பார். காகிதத்தில் அவர் வெட்டியதையே பார்த்த மாதிரி ஆகியிருக்கும். வழக்கு விசாரணைக்கு வரும்போது அவர் உண்மையைத்தான் சொல்வார், ஆனால் பொய்யர் மாதிரி நிற்பார். இதில் போலீஸ்காரரின் கெட்ட எண்ணம் இருக்க வேண்டும் என்றுகூட இல்லை, இரவு பதினோரு மணிக்கு எழுதுகிற யாருக்கும் இது நடக்கும்.

இதற்கு மருந்து சட்டத்திலேயே இருக்கிறது, யாரும் கேட்பதில்லை, அவ்வளவுதான். வாக்குமூலத்தை நீங்கள் சொன்ன மொழியிலேயே படித்துக் காட்ட வேண்டும், திருத்த வாய்ப்புக் கொடுக்க வேண்டும், அதன் பிறகே கையெழுத்து அல்லது பெருவிரல் ரேகை. "சைன் பண்ணுங்க அண்ணே, லேட் ஆச்சு" என்றால், "தமிழ்ல ஒரு தடவ படிங்க சார்" என்று மரியாதையாகச் சொல்லுங்கள். நேரம், தூரம், வெளிச்சம், நீங்களே பார்த்தீர்களா இல்லை பிறர் சொல்லிக் கேட்டீர்களா, இந்த நாலையும் கவனியுங்கள்.

இன்னொரு குறையும் சொல்லிவிடுகிறேன். அரசுத் தரப்புச் சாட்சிகளின் வாக்குமூலங்களை எதிரித் தரப்பு வக்கீல் முன்கூட்டியே பார்க்க முடியாது. 1980இல் ஹுஸ்டி வழக்கில் ஃபெடரல் கோர்ட் அதை மறுத்தது. 51A பிரிவின்படி ரிப்போர்ட்டின் நகல் வழக்குத் தொடங்கும் முன்பே கிடைக்கும், 112 வாக்குமூலத்துக்கு அப்படி இல்லை. சாட்சிகளை மிரட்டுவார்கள் என்பது இதற்குச் சொல்லப்படும் காரணம். ஒத்துக்கொள்கிறேன், எங்கள் பக்கம் எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும். ஆனால் ஜெயிலுக்குப் போகப்போகிறவனுக்கு அவனுக்கு எதிராக யார் என்ன சொன்னார்கள் என்று தெரியாமலே வழக்கு நடத்தச் சொல்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

அப்புறம், பாலாயில் கூப்பிட்டால் போகாமல் இருக்கலாமா என்று பெரியம்மா ஒருவர் கேட்டார். 111ஆம் பிரிவின்படி எழுத்தில் உத்தரவு வந்தால் போய்த்தான் ஆக வேண்டும்; போகவில்லை என்றால் மாஜிஸ்திரேட் வாரண்ட் போடலாம்.