ஃபிரிட்ஜுக்குள் வீட்டுச் சாவி

எட்டுக் குறும்படங்கள் எடுத்திருக்கிறேன். எல்லாவற்றையும் ஒட்டிப் பார்த்தால் 1 மணி 36 நிமிடம் வரும். ஒரு தமிழ்ப் படத்தில் இடைவேளை முடிந்து ஆள்கள் பாப்கார்னோடு வந்து உட்காரும் நேரம் அது. இந்தத் தூரம் வர எனக்கு 14 வருடம் ஆனது. "தம்பி என்ன வேலை செய்றீங்க?" என்று யாராவது கேட்டால் "வீடியோ எடுக்கிறேன்" என்பேன். "கல்யாண வீடியோவா?" என்று அடுத்த கேள்வி வரும். ஆமாம், அதுவும்தான்.

முதல் படம் 2010இல் எடுத்தது. கேனன் ஃபைவ் டி மார்க் டூ வந்து இரண்டு வருடம் ஆகியிருந்த நேரம். புகைப்படக் கேமராவில் சினிமா மாதிரி பின்னணி மங்கலாகத் தெரிகிறது என்று எல்லாருக்கும் ஒரே பித்து. நானும் ஒன்றை இரவல் வாங்கினேன். நண்பனின் பாட்டிக்குச் சிங்கப்பூரின் தோ பாயோ வட்டாரத்தில் மூவறை வீடு. பழைய மொசைக் தரை, சாமி படங்கள், வாசலில் துளசித் தொட்டி. இதைவிட நல்ல செட் எவன் போடுவான் என்று நினைத்துக்கொண்டேன். காலை 9 மணிக்கு மின்விசிறிகளை நிறுத்தினோம், ஃபிரிட்ஜையும் அணைத்தோம். அதன் உறுமல் வசனத்துக்கு அடியில் ஓடிக்கொண்டே இருக்கும் என்ற அளவுக்காவது எனக்கு ஒலி தெரிந்திருந்தது. மாலை 6 மணிக்கு மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பினோம். ஃபிரிட்ஜைத் திரும்பப் போட வேண்டும் என்பது ஒருவருக்கும் நினைவில்லை.

மறுநாள் ஞாயிறு. மகன், மருமகள், பேரப்பிள்ளைகள் எல்லாரும் வருவார்கள் என்று பாட்டி தேக்காவில் வஞ்சிரமும் ஆட்டிறைச்சியும் வாங்கி வைத்திருந்தார். காலையில் போன் வந்தது. "படம் எடுக்கிறேன்னு வந்து உயிர எடுத்துட்டீங்களேடா." அவ்வளவுதான், அதற்கு மேல் திட்டவில்லை. மீனுக்கும் கறிக்கும் நான் கொடுத்த 80 வெள்ளிதான் அந்தப் படத்தின் பட்ஜெட்டிலேயே பெரிய செலவு. இத்தனைக்குப் பிறகும் ஒலி தேறவில்லை. மின்விசிறி ஓடாத புழுக்கத்தில் யாரோ ஜன்னலைத் திறந்துவிட்டிருந்தார்கள். தீவு விரைவுச்சாலையின் லாரிகள் எல்லாம் பாட்டியின் வரவேற்பறை வழியாகப் போய்விட்டன. பார்த்தவர்கள் ஆடிய படத்தை மன்னித்தார்கள். கேட்காத வசனத்தை ஒருவரும் மன்னிக்கவில்லை.

இரண்டாவது படத்துக்கு வந்த ஒலிப்பதிவாளர்தான் எனக்கு இந்தத் தொழிலின் பாதியைக் கற்றுத் தந்தவர். மலாய்க்காரர், அதிகம் பேசமாட்டார். ஒரு வீட்டுக்குள் நுழைந்ததும் ஃபிரிட்ஜை அணைத்துவிட்டுத் தன் வீட்டுச் சாவியை எடுத்து முட்டைகளுக்குப் பக்கத்தில் வைத்துக் கதவைச் சாத்தினார். ஏன் என்று கேட்டேன். சாவி இல்லாமல் நான் வீட்டுக்குப் போக முடியுமா என்றார். பல ஊர்களில் ஒலிக்காரர்கள் செய்யும் பழைய தந்திரம்தானாம். எனக்கு அது வேதவாக்கு ஆகிவிட்டது.

அந்த நாள் முதல் எனக்குச் சிங்கப்பூர் வேறு மாதிரி கேட்க ஆரம்பித்தது. அமைதியான ஊர் என்று சொல்வார்கள். மைக்கைத் திறந்து வைத்துப் பாருங்கள். ஹவ்காங் பக்கம் படமெடுத்தால் பாய லேபார் தளத்துப் போர் விமானங்கள். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீடுகளுக்கு நடுவே எங்கே எடுத்தாலும் குயில். பொழுது விடிவதற்கு முன்பே தொடங்கி, குரலை ஒவ்வொரு படியாக ஏற்றிக்கொண்டே போய்த் திடீரென்று நிறுத்திவிடும். கவிஞர்களுக்கு அது இனிமையாக இருக்கலாம். அம்மா பேசும் ஷாட்டில் குயில் கூவி, மகன் பதில் சொல்லும் ஷாட்டில் கூவாமல் இருந்தால், இருவரும் வேறு வேறு காலையில் பேசிக்கொள்வது போல இருக்கும். மூன்றாவது படத்தில் ஒரு நிமிடக் காட்சிக்காகத் தனியாகக் குயிலைப் பதிவு செய்துகொண்டு வந்து, எல்லா ஷாட்டிலும் கூவ வைத்தேன். 'சூழலை எவ்வளவு கவித்துவமாகப் பயன்படுத்தியிருக்கிறீர்கள்' என்று ஒருவர் பாராட்டினார். நன்றி சொல்லி வாங்கிக்கொண்டேன்.

இன்னொரு முறை அடுக்குமாடியின் கீழ்த்தளத்தில் எடுக்க நகர மன்றத்துக்கு எழுதி, படிவம் நிரப்பி, அனுமதிக் கடிதத்தோடு போய் நின்றோம். பக்கத்து புளோக்கின் கீழே மலாய்க் கல்யாணம். காலையிலிருந்து கொம்பாங் மேள முழக்கம். அவர்களிடமும் அனுமதி இருக்கிறது, அவர்கள் காரணம் என்னுடையதைவிட நல்ல காரணம். என் கதையில் அது துக்க வீட்டுக்கு மறுநாள். கொஞ்ச நேரம் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தேன். அப்புறம் நடிகரிடம், "கொம்பாங் சத்தம் கேக்குது, நீங்க கேட்டுக்கிட்டே பேசுங்க" என்றேன். படத்தில் தேறிய காட்சி அது ஒன்றுதான். கல்யாண வீட்டார் எங்கள் பதினோரு பேருக்கும் சாப்பாடு கொடுத்து அனுப்பினார்கள்.

அதற்கு அடுத்ததாகக் காது திறந்தது பேச்சுக்கு. என் முதல் இரண்டு படங்களின் வசனம் சென்னை சினிமாவில் கேட்டுப் பழகிய தமிழ். பிள்ளைகள்கூட 'அப்பா, நீங்கள் ஏன் என்னைப் புரிந்துகொள்ளவில்லை' என்கிற தோரணையில் பேசுவார்கள். நான்காவது படத்தில் அப்பாவாக நடிக்க ஒரு டாக்சி ஓட்டுநர் வந்தார். மேடை நாடகங்களில் நடித்தவர். வசனத்தாளை இரண்டு முறை படித்துவிட்டு, "தம்பி, கோச்சுக்காதீங்க, இந்த மாதிரி யார் வீட்டுல பேசுறாங்க?" என்று கேட்டார். சரி, உங்கள் மகனோடு எப்படிப் பேசுவீர்கள் என்றேன். கொஞ்சம் யோசித்து, "பேசமாட்டேன். சாப்பாடு டப்பாவ் பண்ணிக்கிட்டு வந்து மேசையில வெப்பேன். 'டாடி, தேங்க்ஸ்'னு அவன் சொல்லுவான்" என்றார். ஒன்றரைப் பக்க வசனத்தைக் கிழித்துப் போட்டேன்.

எனக்குச் சோறு போடும் தொழில் இதற்கு ரொம்ப உதவியது. சொந்தப் படம் ஒரு வெள்ளிகூடச் சம்பாதித்ததில்லை. நிறுவனங்களுக்கு வீடியோ, பெருமாள் கோயில் பிஜிபி மண்டபத்தில் கல்யாணம், கட்டுமானத் தளங்களுக்குத் தமிழிலும் வங்காளத்திலும் பாதுகாப்பு வீடியோ. உயரத்தில் வேலை செய்யும்போது பாதுகாப்பு வாரை எங்கே மாட்ட வேண்டும் என்று விளக்கும் ஆறு நிமிடப் படம் ஒன்றுக்காக நான்கு நாள் ஒரு தளத்தில் இருந்தேன். அலுவலகம் எழுதிக் கொடுத்த தமிழைத் தொழிலாளிகள் மரியாதையாகக் கேட்டார்கள். பிறகு மேற்பார்வையாளர் ஒருவர் அதையே பட்டுக்கோட்டைப் பேச்சில் இருபது நொடியில் சொன்னார், கூட்டம் சிரித்துக்கொண்டே வாரை மாட்டிக் காட்டியது. அவர் சொன்ன மாதிரியே வைத்துக்கொள்ளலாமா என்று அலுவலகத்தில் கேட்டேன். முடியாது என்றார்கள். பணம் 90 நாள் கழித்து வந்தது.

அந்தத் தளத்தில் பார்த்த ஒருவரை வைத்தே ஒரு படம் எடுக்க ஆசைப்பட்டேன். ஆனால் வேலை அனுமதிச் சீட்டில் இருப்பவர் அதில் குறித்திருக்கும் முதலாளியிடம் மட்டும்தான் வேலை பார்க்கலாம். என் ஆசைக்காக அவர் பிழைப்போடு விளையாட முடியாது. கடைசியில் உள்ளூர் நடிகர்தான் நடித்தார்.

இந்தப் பிழைப்பில் முதலாளி என்று யாரும் இல்லாததால், மத்திய சேமநிதியில் முதலாளி போடும் பங்கும் இல்லை. ஆண்டு நிகர வருமானம் 6,000 வெள்ளியைத் தாண்டினால் மெடிசேவ் என்ற மருத்துவச் சேமிப்பு மட்டும் நாமே கட்ட வேண்டும். சில வருடங்களில் அந்தக் கடிதம் வந்தால் 'பரவாயில்லை, 6,000ஐத் தாண்டியிருக்கிறோம்' என்று மனைவி சொல்வார். பண விஷயத்தில் இதற்கு மேல் எழுத எனக்கு வெட்கமாக இருக்கிறது. சாப்பாட்டில் மட்டும் மிச்சம் பிடிக்காதீர்கள். சம்பளம் வாங்காமல் வந்தவர்களுக்கு முஸ்லிம் கடை பிரியாணி, சைவக்காரர்களுக்கு மீ ஹூன், எல்லாருக்கும் ஒரே நேரத்தில். பசியோடு இருக்கும் ஒளிப்பதிவாளர் உங்கள் கதையைப் பற்றி யோசிக்கமாட்டார்.

நம் மொழியில் எடுத்தால் எங்கே போகும் என்று சலித்துக்கொள்ளவும் எனக்கு வழியில்லை. 2008இல் சிங்கப்பூர் இயக்குநர் எரிக் கூ தமிழ் பேசும் படத்தோடு கான் விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போனார். 2016இல் இன்னொரு சிங்கப்பூர் இயக்குநர் கே. ராஜகோபால் அங்கேயே விமர்சகர் வாரத்துக்குப் போனார். போகும். போகும்போது திரைக்கு அடியில் ஆங்கில வசன வரிகள் வேண்டும். அங்கேதான் நான் பெரிதாகச் சறுக்கினேன்.

2018இல் எடுத்த படம். அப்பா இறந்த பிறகு வீட்டுக்கு வந்து போகும் ஒருவரைப் பையன் படம் முழுக்க 'அங்கிள்' என்று கூப்பிடுவான். இந்த ஊரில் கோப்பிக் கடைக்காரரும் அங்கிள், பேருந்து ஓட்டுநரும் அங்கிள். அவர் அப்பாவோடு சண்டை போட்டுப் பிரிந்த தம்பி என்பது நடுவில்தான் தெரியும். கடைசிக் காட்சியில், மின்தூக்கிக் கதவு மூடப்போகும்போது, பையன் "சித்தப்பா" என்பான். கதவு மூடும். படம் முடிந்தது. தமிழர்கள் உட்கார்ந்திருந்த பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. மற்றவர்கள் அடுத்த காட்சிக்குக் காத்திருந்தார்கள். நான் எழுதிய ஆங்கில வரியில் முதலிலும் அங்கிள்தான், கடைசியிலும் அங்கிள்தான்! வெளியே வந்ததும் ஒரு சீனப் பெண்மணி மிகவும் பணிவாகக் கேட்டார், "ஏன் அவர்கள் அழுதார்கள்?"

2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, வீட்டில் அதிகம் பேசும் மொழி தமிழ் என்றவர்கள், ஐந்து வயதும் அதற்கு மேலும் உள்ள குடியிருப்பாளர்களில் 2.5 விழுக்காடு. நூறு இருக்கை அரங்கில் இரண்டரை ஆள். அந்த அரை ஆள் என் மகள் என்று வைத்துக்கொள்ளலாம், பாதி புரியும். மீதி 97 பேர் என் படத்தைக் காதால் கேட்பதில்லை, கண்ணால் படிக்கிறார்கள். சிரிப்பில் அது நன்றாகத் தெரியும். நகைச்சுவை வரி திரையில் வந்தவுடன் அவர்கள் சிரித்துவிடுவார்கள். நடிகர் அதைச் சொல்லி முடிக்கும்போது நம் ஆள்கள் சிரிப்பார்கள். நடுவில் நடிகரின் கடைசி வார்த்தை முதல் சிரிப்பில் அமுங்கிப்போகும். இப்போதெல்லாம் ஒரு வரியை இரண்டாக உடைத்து, சிரிப்பு வரும் பாதியைத் தாமதித்து விடுகிறேன். இதற்கு ஒரு வாரம் ஆகும், எந்த விழாவிலும் இதற்கு விருது இல்லை.

2020இல் சர்க்கிட் பிரேக்கர் என்ற கொரோனா முடக்கம் வந்தபோது, ஏப்ரல் 7 முதல் ஜூன் 1 வரை கையில் ஒரு வேலையும் இல்லை. கல்யாணம்கூட இல்லை. அப்போது அந்தப் படத்தைத் திரும்ப எடுத்து உட்கார்ந்தேன். கடைசி வரிக்கு 'அப்பாவின் தம்பி' என்று போட்டுப் பார்த்தேன், அரசாங்கப் படிவம் மாதிரி இருந்தது. அடிக்குறிப்பு போல விளக்கம் சேர்த்தேன், அதைவிட மோசம். பத்து நாள் கழித்து, 'சித்தப்பா'வையே ஆங்கில எழுத்தில் அப்படியே விட்டேன். அடுத்த முறை காட்டியபோது அரங்கம் சட்டென்று நின்றது. அர்த்தம் தெரிந்திருக்காது. இவ்வளவு நேரம் கூப்பிட்ட பெயர் இதில்லை என்பது தெரிந்திருக்கிறது.

காட்டுவதற்கு இடங்கள் குறைந்துகொண்டு வருகின்றன. ஆர்மீனியன் ஸ்ட்ரீட்டில் நாடகாசிரியர் குவோ பாவ் குன் 1990இல் தொடங்கிய சப்ஸ்டேஷன் கலை மையம் 2021இல் அந்தக் கட்டடத்தை விட்டுப் போனது. கோல்டன் மைல் டவரில் 2014இல் வந்த தி புரொஜெக்டர் திரையரங்கு 2025இல் மூடியது. மிடில் ரோட்டில் பழைய தேவாலயக் கட்டடத்தில் அப்ஜெக்டிஃப்ஸ் என்ற படக்கலை மையம் இருக்கிறது. அங்கே உட்கார்ந்தால் பின்வரிசையில் ஒருவர் பெருமூச்சு விடுவதும் கேட்கும். என் படங்களுக்கு அந்த அளவு போதும்.

எட்டாவது படம் 2024இல் ஈசூனில், ஒரு நால்வறை வீட்டில். இரண்டு வார இறுதிகளில் எடுப்பதாகத் திட்டம். நடுவில் நாயகன் ரிசர்விஸ்ட் ராணுவப் பயிற்சிக்குப் போய் ஒட்ட வெட்டிய முடியோடு வந்து நின்றான். முன்பே சொல்லியிருந்தானாம், நான்தான் கவனிக்கவில்லை. அம்மாவாக நடித்தவர் அவனைப் பார்த்ததும் தன் போக்கில், "ஏன்டா இப்படி வெட்டிக்கிட்டு வந்து நிக்கிற?" என்றார். அதையே வசனமாக வைத்துக்கொண்டேன்.

கடைசி நாள் கடைசி வேலை, அறையின் வெறும் சத்தத்தைப் பதிவு செய்வது. ஒவ்வோர் இடத்திலும் முப்பது நொடி எடுப்போம். வெட்டி ஒட்டும்போது வசனங்களுக்கு நடுவே விழும் ஓட்டைகளை அதை வைத்துத்தான் அடைக்க வேண்டும். யாரும் அசையக் கூடாது. பதினான்கு பேர் நின்றது நின்றபடி நின்றோம். கீழே எங்கோ குக்கர் விசில். மின்தூக்கி வந்து நின்று கதவு திறந்து மூடியது. குயில், வழக்கம்போல. ஒலிப்பதிவாளர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். என் சாவி ஃபிரிட்ஜுக்குள் இருந்தது.

இருபதாவது நொடியோ என்னவோ, வீட்டுக்கார அம்மா அடுக்களை வாசலில் வந்து நின்று, குரலே எழும்பாமல் கேட்டார்.

"முடிஞ்சுதா தம்பி? ஐஸ்கிரீம் கரையுது."