தகுதி எந்தத் தேதியில் இருந்தது? உதவிப் பேராசிரியர் பணிக்கு விண்ணப்பித்த அனுபவம்

அரசு கலை, அறிவியல் கல்லூரிகளில் உதவிப் பேராசிரியர் பணிக்கு ஆயத்தமாவோர், பாடத்திட்டத்தைப் புரட்டும் முன் தம் சான்றிதழ்களை விதிகளோடு வைத்துப் பார்த்துவிட வேண்டும் என்பது, கௌரவ விரிவுரையாளராகப் பல ஆண்டுகளைக் கழித்த எனக்குக் காலம் கடந்தே புரிந்தது.

நான் முனைவர் பட்ட ஆய்வுக்குப் பதிவு செய்தது 2006-ஆம் ஆண்டின் இறுதியில். முனைவர் பட்டம் பெற்றவர்களுக்கு, தேசியத் தகுதித் தேர்வான நெட் தேர்விலிருந்து விலக்கு என்று பல்கலைக்கழக மானியக் குழு அவ்வாண்டுதான் விதியைத் திருத்தியிருந்ததால், நெட் விண்ணப்பத்தை நான் திரும்பியும் பார்க்கவில்லை. 2009 ஜூலை 11 அன்று அறிவிக்கப்பட்ட ஒழுங்குமுறைகள் அந்த விலக்கை, நுழைவுத் தேர்வும் பாடநெறிப் பயிற்சியும் உள்ளிட்ட புதிய நடைமுறைப்படி வழங்கப்பட்ட பட்டங்களுக்கு மட்டும் என்று சுருக்கிவிட்டன. 2011-இல் நான் பெற்ற பட்டமோ பழைய நடைமுறையில் வந்தது.

என்னைப் போன்றோர் தொடுத்த வழக்குகளில் உயர் நீதிமன்றங்கள் ஒத்த முடிவுக்கு வரவில்லை. சென்னை உயர் நீதிமன்றம் விதியை ஏற்றது. அலகாபாத் உயர் நீதிமன்றம் பழைய பட்டதாரிகளுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 2015 மார்ச் 16 அன்று, பி. சுசீலா என்பவரும் பிறரும் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் மானியக் குழுவின் பக்கம் நின்றது. 'நான் பதிவு செய்தபோது இல்லாத விதியைப் பின்தேதியிட்டு என் மீது சுமத்தலாமா' என்பதே எங்கள் எல்லோருடைய ஆதங்கமும். விதி பட்டத்தைத் தொடவில்லை, இனி நடக்கப்போகும் நியமனத்துக்குத்தான் தகுதி வகுக்கிறது, ஆகவே அது பின்தேதியிட்ட விதியே அன்று என்பது நீதிமன்றத்தின் விடை. நியமனம் பெறும் வரை ஒருவருக்கு இருப்பது உரிமையன்று, எதிர்பார்ப்பு மட்டுமே. அதுவும் பொதுநலன் முன்னே நிற்கும்போது விலகிக்கொள்ள வேண்டியதே. அந்த நேரத்தில் எனக்குக் கோபம்தான் வந்தது. தீர்ப்பை முழுமையாகப் படித்த பிறகு, அதன் தர்க்கத்தில் ஓட்டை காண முடியவில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

நல்வாய்ப்பாக 2016 ஜூலையில் மானியக் குழுவே இறங்கி வந்து, 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்களுக்கு ஐந்து நிபந்தனைகளோடு விலக்கு அளித்தது: பட்டம் முறையான வழியில் பெற்றதாக இருத்தல், குறைந்தது இரண்டு வெளித் தேர்வாளர்களின் மதிப்பீடு, பொது வாய்மொழித் தேர்வு, ஆய்விலிருந்து இரண்டு கட்டுரைகள் வெளியாகி அவற்றில் ஒன்றேனும் மதிப்பாய்வு இதழில் வந்திருத்தல், கருத்தரங்குகளில் இரண்டு உரைகள். இவற்றுக்குப் பல்கலைக்கழகம் சான்றளிக்க வேண்டும். நிபந்தனைகள் அனைத்தும் என்னிடம் நிறைவாகவே இருந்தன. ஆனால் அந்த ஒரு தாளைப் பெறப் பட்டம் வழங்கிய இடத்துக்கு ஏழு முறை அலைந்தேன். வெளித் தேர்வாளர் அறிக்கைகள் எந்தப் பீரோவில் கிடக்கின்றன என்பது அங்கே எவருக்கும் தெரியவில்லை. சான்றிதழ் கைக்கு வந்தபோது விண்ணப்பத்தின் கடைசி நாள் கடந்திருந்தது.

தகுதியைக் கடைசி நாளுக்குள் பெற்றிருந்து, அதற்கான சான்று மட்டும் பின்னர் வந்தால் என்ன ஆகும்? 1980-இல் சார்லஸ் கே. ஸ்காரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தகுதி வேறு, தகுதிக்கான ஆதாரம் வேறு என்று பிரித்துப் பார்த்து மாணவருக்குக் கைகொடுத்தது. அதை நம்பி அலட்சியமாக இருந்துவிடக் கூடாது. குடிமைப் பணித் தேர்வில் பொருளாதாரத்தில் நலிந்தோர் சான்றிதழ் குறித்து எழுந்த திவ்யா வழக்கில், 2023-இல் அதே நீதிமன்றம், உரிய சான்றிதழ் குறித்த தேதிக்குள் கையில் இருந்தே தீர வேண்டும் என்று கண்டிப்பாகச் சொன்னது. அறிவிக்கையின் சொற்களே முடிவு செய்யும்; எனவே 'பெற்றிருக்க வேண்டும்' என்றும் 'சமர்ப்பிக்க வேண்டும்' என்றும் வரும் இடங்களைத் தனித்தனியே அடிக்கோடிட்டுப் படியுங்கள். அந்த முறை எனக்கு வாய்ப்புப் போயிற்று.

பாட இணைத்தன்மை இன்னொரு கண்ணி. முதுகலைப் பட்டத்தின் பெயர் அறிவிக்கையில் உள்ள பாடப்பெயரோடு எழுத்துக்கு எழுத்துப் பொருந்தாவிட்டால், இரண்டும் ஒன்றென்று கூறும் அரசாணையைத் தேடி எடுத்து வைத்திருங்கள். பாடத்திட்டங்களை ஒப்பிட்டு நீதிபதி முடிவு சொல்வார் என்று என் நண்பர் ஒருவர் ரிட் மனு போட்டார். இணைத்தன்மையை முடிவு செய்வது கல்வி வல்லுநர்களின் வேலை என்று நீதிமன்றங்கள் பெரும்பாலும் ஒதுங்கிக்கொள்வதை அவர் அறிந்திருக்கவில்லை. இளநிலைப் பட்டமின்றித் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேரடியாக முதுகலை முடித்தவர்கள், 2009-இல் வந்த அண்ணாமலைப் பல்கலைக்கழக வழக்கின் தீர்ப்பை முதலில் படித்துவிடுவது நல்லது.

'வழக்கின் இறுதித் தீர்ப்புக்கு உட்பட்டு' தேர்வெழுத அனுமதிக்கும் இடைக்கால உத்தரவைப் பலரும் வெற்றியாகக் கொண்டாடுகிறார்கள். அது தேர்வறையின் கதவை மட்டுமே திறக்கிறது. மனு தள்ளுபடியானால் எடுத்த மதிப்பெண்ணும் உடன் போய்விடும். நான் வழக்குத் தொடுக்காமல், நாற்பதைக் கடந்த வயதில் மாநிலத் தகுதித் தேர்வான செட்டுக்கு விண்ணப்பித்தேன். இரண்டாம் முயற்சியில் தேறினேன். ஐந்து நிபந்தனைச் சான்றிதழையும் கோப்பின் பின்பக்கத்தில் இன்றும் செருகியே வைத்திருக்கிறேன்.