வார்சாவில் எல்கா என்றால் போதும்

டிக்கெட் கொடுத்த பெண்மணிக்கு நான் சொன்ன பெயர் விளங்கவில்லை. மூன்று முறை சொல்லிப் பார்த்துவிட்டுக் கைப்பேசியில் எழுத்தைக் காட்டினேன். "ஓ, எல்கா!" என்று முகம் மலர்ந்தவர், பின்னால் வரிசை நிற்பதையும் பொருட்படுத்தாமல் எனக்கு உச்சரிப்புப் பாடம் எடுத்தார். போலந்து நடிகை எல்ஷ்பியெத்தா சிஷெவ்ஸ்கா; எல்கா என்பது செல்லப்பெயர். நடுவில் வரும் அந்த 'ஷெ' உண்மையில் 'ஷ'வும் இல்லை, 'ஜ'வும் இல்லை. நாக்கை உள்ளே மடித்துச் சொல்ல வேண்டும். நம் 'ழ'வுக்கு நாக்கு போகும் இடத்திற்குப் பக்கத்தில்தான் அது பிறக்கிறது என்று பட்டது. நான்காவது முயற்சியில் சரியாக வந்தபோது அவர் கை தட்டினார்.

வார்சாவின் மொகொதூவ் பகுதியில், நர்புத்தா தெருவில் இருக்கிறது இல்லூஸியோன் திரையரங்கு. வட்ட வடிவக் கட்டிடம். போலந்தின் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் பழைய படங்களைத் திரையிடும் இடம். அன்று மாலை யானுஷ் நாஸ்ஃபெத்தெர் இயக்கி, சிஷெவ்ஸ்கா நடித்த 'நியெகொஹானா' போட்டார்கள். 'நேசிக்கப்படாதவள்' என்று பொருள். 1966இல் வந்த கறுப்பு வெள்ளைப் படம். ஒன்பது நாள் பயணத்தில் எனக்கு முக்கியமாக இருந்தது இந்த ஒரு மாலைதான்.

சிஷெவ்ஸ்காவை நான் முதலில் பார்த்தது பல வருடங்களுக்கு முன், ஒரு திரைப்படச் சங்கக் காட்சியில். வொய்சியெஹ் ஹாஸ் இயக்கிய, சரகோஸாவில் கண்டெடுத்த கையெழுத்துப் பிரதியைப் பற்றிய மூன்று மணி நேரப் படம். அதில் அவர் வருவது கொஞ்ச நேரம்தான். ஆனாலும் வெளியே வந்த பிறகு மனத்தில் நின்றது அவர் முகம். யார் என்று தேடிப் படித்தேன். 1938இல் வார்சாவில் பிறந்தவர். ஏழ்மை, போர், குழந்தைப் பருவத்தின் ஒரு பகுதி அனாதை இல்லத்தில். நாடகப் பள்ளியில் படித்து, மாணவர்களின் நையாண்டி நாடகக் குழுவில் நடித்து, 1960களின் தொடக்கத்தில் திரைக்கு வந்தார். ஐந்தே வருடங்களில் நாட்டின் முதல் நட்சத்திரம். பிறகு, அந்த உச்சியில் இருக்கும்போதே, கிளம்பிப் போய்விட்டார். அந்த ஒரு வரியைத்தான் என்னால் கடந்து போக முடியவில்லை.

படத்திற்கு ஆங்கில வசனவரிகள் இல்லை. அது நல்லதாகப் போயிற்று. காமில் என்ற இளைஞன்மீது தன்னையே எரித்துக்கொள்ளும் அளவுக்குக் காதல் கொண்ட நோயெமி என்ற யூதப் பெண்ணின் கதை. இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய வருடங்கள். எனக்குப் புரிந்த ஒரே சொல் 'காமில்'. அந்தப் பெயரை அவர் எத்தனை விதமாகச் சொல்கிறார் என்பதையே ஒன்றரை மணி நேரம் கேட்டுக்கொண்டிருந்தேன். கெஞ்சலாக ஒருமுறை. மிரட்டலாக ஒருமுறை. வாசலில் அடிச்சத்தம் கேட்டதுபோல் தோன்றி, இல்லை என்று தெரிந்தபின் மூச்சாக ஒருமுறை. இரண்டே அசைகள். அதற்குள் ஒரு வாழ்க்கையை வைத்துவிடுகிறார். மொழி தெரியாத எனக்கே இது கேட்டதென்றால், அந்த மொழியில் வளர்ந்தவர்களுக்கு என்னென்ன கேட்டிருக்கும்!

பக்கத்து இருக்கையில் எழுபதைக் கடந்த ஒரு அம்மையார். விளக்கு எரிந்த பிறகும் எழுந்திருக்கவில்லை. நான் எங்கிருந்து வருகிறேன், இவரை எப்படித் தெரியும் என்று நிதானமான ஆங்கிலத்தில் கேட்டார். சொன்னேன். திரையரங்கின் காப்பிக் கடைக்கு அழைத்துப் போய், வேண்டாம் என்று சொல்லியும் கேட்காமல் ஆப்பிள் கேக் வாங்கித் தந்தார். "என் அக்கா இவரைப் போலவே முடி வெட்டிக்கொண்டாள். அப்பா ஒரு வாரம் அவளோடு பேசவில்லை" என்றார். கேக்கை முள்கரண்டியால் சின்னச் சின்னதாகப் பிரித்தபடியே, "எங்கள் அம்மா கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தாள், எல்கா எப்போது திரும்பி வருவாள் என்று. சொந்தக்காரப் பெண்ணைப் பற்றிக் கேட்பதுபோல" என்றார்.

மறுநாள் பண்பாடு மற்றும் அறிவியல் மாளிகைக்குப் போனேன். சோவியத் யூனியன் தந்த பரிசாக 1955இல் கட்டி முடிக்கப்பட்டது. உயரம் 237 மீட்டர். வார்சாவில் எந்தத் தெருவில் திரும்பினாலும் இதன் கூம்பு கண்ணில் படும். சுற்றுலாப் பயணிகள் முப்பதாவது மாடியின் பார்வை மேடைக்கு வரிசை கட்டி நின்றார்கள். நான் கீழேயே, அதன் ஒரு சிறகில் இருக்கும் த்ராமத்திச்னி நாடக அரங்கின் வாசலில் நின்றேன். ஆர்தர் மில்லரின் 'வீழ்ச்சிக்குப் பிறகு' நாடகத்தில் மேகி வேடத்தை 1965இல் சிஷெவ்ஸ்கா ஏற்றது இங்கேதான். மர்லின் மன்றோவின் சாயல் கொண்ட பாத்திரம் அது. அதே ஆண்டு டேவிட் ஹால்பர்ஸ்டாமை மணந்தார். வியட்நாம் போர்ச் செய்திகளுக்காக முந்தைய ஆண்டு புலிட்சர் பரிசு வாங்கி, 'நியூயார்க் டைம்ஸ்' நிருபராக வார்சாவுக்கு வந்திருந்தவர் அவர். கம்யூனிச அரசைப் பற்றி அவர் எழுதியது ஆட்சியாளர்களுக்குப் பொறுக்கவில்லை. திருமணமான சில மாதங்களிலேயே அவரை நாட்டைவிட்டு வெளியேற்றினார்கள். மனைவியும் பின்தொடர்ந்தார்.

அரங்கு அன்று பூட்டியிருந்தது. கண்ணாடிக் கதவில் முகம் வைத்துப் பார்த்தேன். கோட்டு மாட்டும் கொக்கிகள் மட்டும் வரிசையாகத் தெரிந்தன.

வூச் நகரத்திற்கு ரயிலில் ஒன்றரை மணி நேரம். போலந்து சினிமா பிறந்து வளர்ந்த வீடு என்றால் இந்தப் பழைய நூற்பாலை நகரம்தான். தர்கோவா தெருவில் இருக்கும் திரைப்படப் பள்ளியை வெளியிலிருந்துதான் பார்க்க முடிந்தது. சிஷெவ்ஸ்காவின் முதல் கணவர் யெர்சி ஸ்கொலிமோவ்ஸ்கி இங்கே மாணவராக இருந்தபோது, பயிற்சிப் படங்களுக்கென்று பள்ளி கொடுத்த ஃபிலிமைச் சேர்த்துச் சேர்த்து ஒரு முழுநீளப் படத்தையே எடுத்துவிட்டார். அந்த 'ரிசோபிஸ்' படத்தில் சிஷெவ்ஸ்கா மூன்று வெவ்வேறு பெண்களாக வருகிறார். பணமில்லாத மாணவனின் படத்தில் நாட்டின் நட்சத்திரம் மூன்று வேடம் போடுவதை நினைத்தபடி பியொத்ர்கோவ்ஸ்கா தெருவில் நெடுநேரம் நடந்தேன்.

1964இல் வந்த ஒரு நகைச்சுவைப் படத்தையும் சொல்ல வேண்டும். ஸ்தனிஸ்வாவ் பரேயா இயக்கியது. ஆஸ்திரேலியாவில் குடியேறிய போலந்துக்காரர் ஒருவர் மணப்பெண் தேடித் தாய்நாட்டுக்கு வருகிறார். மசோவ்ஷே நாட்டுப்புறக் கலைக்குழுவில் ஆடும் பெண்ணைக் கண்டு மயங்குகிறார். அந்தப் பெண் சிஷெவ்ஸ்கா. இன்றும் போலந்தில் விரும்பிப் பார்க்கும் படம். கடல் கடந்தவனின் மனைவியாகப் போகலாமா என்று திரையில் விளையாட்டாக நடித்தவருக்கு அடுத்த ஆண்டே அது நிஜமாயிற்று. அதனால் அந்தப் படத்தைச் சிரித்துக்கொண்டே பார்க்க எனக்கு வரவில்லை.

1968இல் ஒருமுறை போலந்துக்கு வந்தார். இயக்குநர் ஆந்த்ஷெய் வைதாவின் 'எல்லாம் விற்பனைக்கு' படத்தில் நடிக்க. ஓடும் ரயிலில் ஏற முயன்று 1967 ஜனவரியில் இறந்துபோன நடிகர் ஸ்பிக்னியெவ் சிபுல்ஸ்கியை நினைத்து எடுத்த படம். நடிகர்கள் பலர் தங்கள் சொந்தப் பெயரிலேயே வந்தார்கள். இவர் பெயர் எலா. காணாமல்போன நடிகனின் மனைவி. அந்த ஆண்டு மார்ச் முதல் அரசே முன்நின்று யூத எதிர்ப்புப் பிரசாரம் நடத்திக்கொண்டிருந்தது. வெளியேற்றப்பட்ட யூதப் பத்திரிகையாளரின் மனைவிக்கு அங்கே எப்படிப்பட்ட வரவேற்பு இருந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. மறுபடி கிளம்பினார். இடையே 1981இல் பார்பரா சாஸ் இயக்கிய படமொன்றில் நடித்தது போன்ற வருகைகள் உண்டு. ஆனால் வீடு நியூயார்க்கில்தான்.

அங்கே அவரைத் தடுத்து நிறுத்தியது நாக்கு. திறமையில் ஒரு குறையும் இல்லை. ஆங்கிலத்தில் போலந்து வாடை இருந்ததால் கிடைத்ததெல்லாம் சின்ன வேடங்கள்: வேலைக்காரி, அகதி, சாட்சி சொல்ல வரும் வெளிநாட்டுப் பெண். கோஸ்தா காவ்ராஸின் 1989ஆம் ஆண்டுப் படத்தில் நீதிமன்றச் சாட்சியாக வருவதை நேரம் கிடைத்தால் பாருங்கள். சில நிமிடங்கள்தான், ஆனால் அவருக்கு முன்னும் பின்னும் பேசியவர்கள் நினைவில் இல்லை. மெரில் ஸ்ட்ரீப் 1982இல் ஒரு போலந்துப் பெண்ணாக நடித்து ஆஸ்கர் வாங்கினாரே, அந்த உச்சரிப்புக்கு உதவியவர் இவர்தான் என்று சிஷெவ்ஸ்காவைப் பற்றி எழுதியவர்கள் சொல்கிறார்கள். 1987இல் 'அன்னா' என்றொரு படம் வந்தது. நியூயார்க்கில் வாய்ப்புக்காக அலையும், ஒரு காலத்தில் புகழோடு இருந்த செக் நடிகையின் கதை. சிஷெவ்ஸ்காவின் வாழ்க்கையைத் தழுவியது என்றே பரவலாகப் பேசப்பட்டது. அந்த வேடத்தில் நடித்த அமெரிக்கர் சாலி கிர்க்லண்டின் பெயர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது. தன் வாழ்க்கையைத் தானே நடிக்கும் வாய்ப்பும் ஒருவருக்கு இல்லாமல் போவதை எந்தக் கணக்கில் எழுதுவது? எனக்கு இன்றும் ஆறவில்லை.

ஹால்பர்ஸ்டாமுடன் நடந்த மணம் 1977இல் முறிந்தது. சிஷெவ்ஸ்கா போலந்துக்குத் திரும்பிக் குடியேறவில்லை. 2010 ஜூன் 17 அன்று, 72ஆவது வயதில், நியூயார்க்கிலேயே இறந்தார்.

வார்சாவிலிருந்து திரும்பிச் சில மாதங்களில் வேலையாக நியூயார்க் போக நேர்ந்தது. ஒரு சனிக்கிழமை மதியம் 42ஆவது தெருவுக்குப் போனேன். அங்கே நியூ விக்டரி அரங்கு இருக்கிறது. 1900இல் கட்டியது. நடுவில் ஆபாசப் படக் கொட்டகையாகச் சீரழிந்து, பாழடைந்து கிடந்தது. அப்படிக் கிடந்த 1990இல்தான் அதற்குள்ளேயே, அந்த அரங்கின் பழைய ஆவிகளைப் பற்றி, மேக் வெல்மன் எழுதிய 'க்ரோபார்' நாடகம் நடந்தது. அதில் நடித்ததற்காகச் சிஷெவ்ஸ்காவுக்கு, நியூயார்க்கின் சிறு அரங்க நாடகங்களுக்குத் தரப்படும் ஓபி விருது கிடைத்தது. வந்து இருபது வருடங்களுக்கு மேல் ஆன பிறகு.

இப்போது அது குழந்தைகளுக்கான அரங்கு. முகப்பின் இரட்டைப் படிக்கட்டில் பிள்ளைகள் ஓடி ஏறிக்கொண்டிருந்தார்கள். கதவருகே டிக்கெட் சரிபார்த்த இளைஞரிடம், இங்கே 1990இல் நடித்த ஒரு போலந்து நடிகையைத் தெரியுமா என்று கேட்டேன். அவர் பிறப்பதற்கு முன் நடந்தது. ஆனாலும் பொறுமையாகக் கேட்டார். "பெயர் என்ன?" என்றார்.

நாக்கை உள்ளே மடித்து, நர்புத்தா தெருவில் கற்றுக்கொண்டபடி, நிறுத்தி நிதானமாகச் சொன்னேன். அவர் ஒருமுறை சொல்லிப் பார்த்தார். சரியாக வரவில்லை. இன்னொரு முறை சொல்லிக் கொடுத்தேன்.