விரல் போன்ற நீட்சிகள்

இந்த மலருக்கு ஒரு கட்டுரை கேட்டு நம் பள்ளியின் முன்னாள் மாணவர் சங்கத்திலிருந்து போன் வந்தபோது விலங்கியல் சார் உயிரோடு இருந்தார். எழுத உட்காரும்போது அவர் இல்லை. தத்தனேரி மயானத்துக்கு எத்தனை மணிக்கு எடுக்கிறார்கள் என்று வாட்ஸ்அப்பில் செய்தி வந்தது. நான் இருக்கும் பர்மிங்ஹாமில் அப்போது விடியவே இல்லை. பள்ளியைப் பற்றிப் பொதுவாக எழுதலாம் என்றுதான் நினைத்திருந்தேன். இப்போது அவரைத் தவிர வேறு எதுவும் எழுத வரவில்லை. பெயர் போடவில்லை. எண்பதுகளில் நம் பள்ளியில் பிளஸ் டூ படித்தவர்களுக்கு சார் என்றால் யாரென்று தெரியும்.

'விரல் போன்ற நீட்சிகள்' என்ற வரி நம் உயிரியல் பாடத்தில் எத்தனை இடங்களில் வரும் என்று நினைத்துப் பாருங்கள். அமீபாவின் போலிக்கால் விரல் போன்றது. ஹைட்ராவின் உணர்நீட்சி விரல் போன்றது. சிறுகுடலின் உள்சுவரில் இருக்கும் குடலுறிஞ்சியும் அப்படித்தான். ஃபெலோப்பியன் குழாயின் வாயில் இருக்கும் ஃபிம்பிரியேவும் அப்படித்தான். நாம் அந்த ஒரு வரியை மனப்பாடம் செய்துகொண்டு எங்கே வேண்டுமானாலும் எழுதிவிடுவோம். சார் அதற்கு அரை மார்க் மட்டும்தான் போடுவார். "விரல் மாதிரி இருக்குன்னு சொல்லிட்ட, சரி. அந்த விரல் என்ன வேலை பாக்குது? நகரவா, பிடிக்கவா, உறிஞ்சவா?" அதை எழுதினால்தான் மீதி அரை மார்க்.

இதைச் சொல்லிக் கொடுக்க அவர் சார்ட் மாட்டியதே இல்லை, தன் வலது கையை வைத்தே நடத்துவார். அமீபா என்றால் முஷ்டியை மூடி, ஒரு விரலை மெதுவாக வெளியே விட்டு, பிறகு அதை உள்ளே இழுத்துக்கொள்வார். உள்ளிருக்கும் சைட்டோபிளாசம் எந்தப் பக்கம் பாய்கிறதோ அந்தப் பக்கம் போலிக்கால் முளைக்கிறது, வேலை முடிந்ததும் உடலோடு கலந்துவிடுகிறது, அதற்கென்று நிரந்தரமான இடம் கிடையாது. ஹைட்ராவுக்கு மணிக்கட்டை மேசையில் ஊன்றி விரல்களை மேலே விரித்துக் காட்டுவார். வண்டியூர்க் கண்மாயிலிருந்து ஜாடியில் பாசி எடுத்து வரச் சொன்னது ஞாபகம் இருக்கிறதா? ஜாடியை ஆட்டாமல் ஜன்னலோரம் வைத்துவிட்டுக் காத்திருந்தால் கண்ணாடியில் ஒட்டிக்கொண்டு ஒரு நூலிழை மெல்ல நீளும். அதன் நுனியில் இன்னும் மெல்லிய இழைகள் விரியும். அந்த இழைகள் முழுக்கக் கொட்டும் செல்கள். நீர்ப்பூச்சி ஒன்று உரசினால் போதும். இந்த விரல்கள் பிடிக்கிற ரகம்.

இனப்பெருக்க மண்டலப் பாடத்தை அந்தக் காலத்தில் பல பள்ளிகளில் 'வீட்டில் படித்துக்கொள்ளுங்கள்' என்று தாண்டிவிடுவார்கள். சார் தாண்டவில்லை. இடது கை முஷ்டியைச் சூலகமாக வைத்து, அதன் மேல் வலது கை விரல்களைக் குடை போலப் பிடித்தார். முட்டை வெளிவரும்போது ஃபிம்பிரியே சூலகத்தின் மேல் படர்ந்து அசைந்து அதை உள்ளே வாங்குகின்றன என்றார். அத்தனை விரல்களில் ஒன்று மட்டும் மற்றவற்றைவிட நீளமாக இருந்து சூலகத்தோடு ஒட்டியே இருக்கும் என்று சுண்டுவிரலால் முஷ்டியைத் தொட்டுக் காட்டினார். ஆண் பிள்ளைகள் மட்டும் இருந்த அந்த வகுப்பில் ஒருவன்கூடச் சிரிக்கவில்லை. அம்மாவைப் பற்றிப் பேசுகிறார் என்று எங்களுக்குப் புரியவைத்திருந்தார்.

குடலுறிஞ்சிக்குத்தான் கை போதவில்லை. ஒரே அளவில் வேட்டித் துணி ஒன்றும் டர்க்கி டவல் ஒன்றும் வெட்டி வந்தார். இரண்டையும் தண்ணீரில் முக்கி எடுத்து, தனித்தனி அளவுச் சாடியில் பிழிந்து அளவைப் படிக்கச் சொன்னார். பரப்பு பெருகினால் உறிஞ்சுவது பெருகும் என்பது அதற்குப் பிறகு யாருக்கும் மறக்கவில்லை. குடலுறிஞ்சி ஒவ்வொன்றும் ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவான உயரம்தான். அதற்குள் ரத்தத் தந்துகிகளும், நடுவே கொழுப்பை ஏற்றிச்செல்லும் லாக்டியலும் உண்டு. 1622-ல் இத்தாலியில் காஸ்பரோ அசெல்லி என்ற மருத்துவர், சற்று முன் தீனி தின்ற நாயின் வயிற்றைத் திறந்தபோது வெள்ளை இழைகளைக் கண்டு நரம்பு என்று நினைத்து அறுக்க, பால் போன்ற திரவம் வழிந்ததாம். அந்தக் கதையை சார் சொல்லித்தான் கேட்டேன். மொத்தக் குடல் பரப்பையும் விரித்தால் ஒரு டென்னிஸ் மைதானம் அளவு வரும் என்று அன்று படித்தோம். 2014-ல் ஸ்வீடன் ஆய்வாளர்கள் திரும்ப அளந்து பார்த்து, ஏறக்குறைய 30 சதுர மீட்டர்தான் என்றார்கள். அதை சாருக்கு எழுதினேன். "பாடத்தைத் திருத்திச் சொல்லிவிட்டாய், சந்தோஷம்" என்று பதில் வந்தது.

இனி களி விஷயத்துக்கு வருகிறேன். இதை நம் சங்கக் கூட்டங்களில் நான் சொன்னதே இல்லை.

எனக்கு உசிலம்பட்டிப் பக்கம் ஒரு கிராமம். மானாவாரிக் காடுதான். வாரத்தில் பாதி நாள் தூக்குவாளியில் அப்பத்தா கிளறிய கேழ்வரகுக் களி இருக்கும், கூடவே கருவாட்டுக் குழம்பு. பதினொன்றாம் வகுப்பில் சேர்ந்த புதிதில், வேப்பமரத்தடியில் ஒருவன் மூடியைத் திறந்து பார்த்துவிட்டு அந்த உருண்டைக்கு ஒரு பெயர் வைத்தான். அந்தப் பெயரே எனக்கும் பட்டப்பெயர் ஆனது. மாட்டுக் கொட்டிலில் கிடப்பதன் பெயர் அது. அதன் பிறகு சைக்கிள் ஸ்டாண்டுக்குப் பின்னால் போய்த்தான் சாப்பிடுவேன். சில நாள் சாப்பிடாமலே திருப்பிக் கொண்டுபோய், வழியில் கன்றுக்குப் போட்டுவிடுவேன். அப்பத்தாவிடம் வயிறு நிறைந்தது என்பேன்.

சாருக்கு யார் சொன்னார்களோ தெரியவில்லை. அவர் யாரையும் கூப்பிட்டு விசாரிக்கவில்லை. தாவரவியல் சார் லீவு போட்ட ஒரு நாள் அந்தப் பீரியடையும் அவரே எடுத்தார். எல்லோரையும் மைதானத்துக்கு அழைத்துப் போய் பூத்த அருகம்புல்லைப் பறிக்கச் சொன்னார். காம்பின் நுனியில் ஒரே இடத்திலிருந்து நாலைந்து கதிர்கள் பிரிவதைக் காட்டினார். பிறகு பையிலிருந்து ஒரு கேழ்வரகுத் தட்டையை எடுத்தார். அதே அமைப்பு, ஆனால் பருத்து, மணி பிடித்து, விரல்கள் உள்பக்கம் மடங்கிய கதிர். தன் கைக்குப் பக்கத்தில் வைத்துப் பிடித்தார். விரலின் ஒரு பக்கத்தில் இரண்டு வரிசையாகச் சிறுகதிர்கள் நெருக்கிக்கொண்டு இருப்பதை லென்ஸில் ஒவ்வொருவரும் பார்த்தோம். "ஒரே காம்புல இத்தனை விரல் எதுக்குடா? இருக்குற இடத்துல எத்தனை மணியைத் தாங்க முடியுமோ அத்தனையும் தாங்கத்தான்." ஆப்பிரிக்காவின் கிழக்கு மேட்டு நிலத்தில் தொடங்கி ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன்பே நம் பக்கம் வந்துவிட்ட பயிர் என்றார். போர்டில் இரண்டு எண்கள் எழுதினார். 100 கிராம் தீட்டிய அரிசியில் சுண்ணாம்புச் சத்து 10 மில்லிகிராம், கேழ்வரகில் 344. "எலும்பு வளர்ற வயசு உங்களுக்கு. எழுதிக்கோங்க" என்றார். என் பக்கம் திரும்பவே இல்லை.

மத்தியானம் மணி அடித்ததும் சைக்கிள் ஸ்டாண்டுக்கே வந்துவிட்டார். "தம்பி, எனக்கு ஒரு உருண்டை தருவியா?" என்று கேட்டு, என்னை வேப்பமரத்தடிக்குக் கூட்டிப் போய், எல்லோருக்கும் நடுவில் தரையில் உட்கார்ந்தார். நான் உருண்டையை இலையில் வைத்தேன். பிட்டு, குழம்பில் தோய்த்து, மெல்லாமல் விழுங்கினார். களி தின்று வளர்ந்தவர்களுக்குத்தான் அந்தப் பழக்கம் வரும். பெயர் வைத்தவன் முதலில் கை நீட்டினான். பிற்பாடு அவன் எனக்கு நல்ல நண்பனாகவும் ஆனான்.

இன்று நான் பார்க்கும் வேலை குடலுறிஞ்சி, கேழ்வரகு என்ற அந்த இரண்டு விரல்களுக்கும் நடுவில்தான். இங்கே ஒரு மருத்துவமனையின் திசு ஆய்வுக்கூடத்தில் இருக்கிறேன். முன்சிறுகுடலிலிருந்து கிள்ளி எடுத்த துணுக்குகள் ஃபார்மலினில் வரும். மெழுகில் பதித்து, ஒரு மில்லிமீட்டரில் இருநூற்றில் ஒரு பங்கு கனத்தில் சீவி, சாயம் ஏற்ற வேண்டும். மெழுகில் பதிக்கும்போது துணுக்கை நிமிர்த்தி வைப்பதுதான் எல்லாம். சாய்ந்துவிட்டால் விரல்கள் குறுக்கே வெட்டுப்பட்டு, நல்ல குடலும் மொட்டையாகத் தெரியும். நிஜமாகவே மொட்டையாகிவிடும் நோய் ஒன்று உண்டு, சீலியாக். இந்த நாட்டில் நூற்றில் ஒருவருக்கு இருக்கிறது. கோதுமையில் உள்ள குளூட்டன் என்ற புரதம் பட்டால் உடலின் எதிர்ப்பு சக்தியே குடலுறிஞ்சிகளை அழிக்கும். குற்றவாளி கோதுமைதான் என்று கண்டு 1950-ல் எழுதியவர் வில்லெம் டிக்க என்ற டச்சுக் குழந்தை மருத்துவர். இரண்டாம் உலகப் போரின் கடைசிப் பனிக்காலத்தில் ரொட்டி கிடைக்காமல் நெதர்லாந்து மக்கள் பட்டினி கிடந்தபோது இந்தக் குழந்தைகள் தேறியது அவர் சந்தேகத்தை உறுதிப்படுத்தியது.

கேழ்வரகில் குளூட்டன் கிடையாது. எங்கள் பிரிவில் வேலை பார்க்கும் ஒரு பெண்ணுக்கே சீலியாக் என்று தெரிந்தபோது, தமிழ்க் கடையில் மாவு வாங்கிக் கொடுத்து அடை சுடச் சொல்லிக் கொடுத்தேன். கோதுமையை நிறுத்தினால் அந்த விரல்கள் மாதக்கணக்கில், சிலருக்கு வருடக்கணக்கில், மறுபடி வளர்ந்துவிடும். இதை சாருக்கு எழுதியபோது அவர் இரண்டு பக்கம் பதில் எழுதினார். அவ்வளவு நீளமாக அவர் எழுதியது அப்போது மட்டும்தான்.

அதற்கு நான் எழுதிய பதிலில் இன்னொன்றும் சொன்னேன். நோயில்லாத தென்னிந்தியர்களின் குடலைப் பார்த்தபோதே, உறிஞ்சிகள் பலருக்குப் புத்தகத்தில் இருப்பது போல விரலாக இல்லை, குட்டையாக, அகன்று, இலை வடிவில் இருந்தன என்று 1960களிலிருந்தே ஆய்வுகள் சொல்கின்றன. பரம்பரை காரணம் இல்லை. அசுத்தமான தண்ணீரும் உணவும் ஓயாமல் கொண்டுவரும் கிருமித் தொற்றோடு சேர்த்துத்தான் இதைப் பார்க்கிறார்கள். வெப்பமண்டல நாடுகளில் தங்கிய அமெரிக்கத் தொண்டர்களின் குடலும் அப்படி மாறியது, ஊர் திரும்பியதும் சரியானது. நியூயார்க்கில் குடியேறிய இந்தியர்களையும் பாகிஸ்தானியர்களையும் சோதித்து 1971-ல் வெளியிட்டார்கள். அங்கே வசித்த காலம் கூடக் கூட அவர்கள் குடலும் தேறி வந்தது.

சார் ஒரு கார்டில் பதில் போட்டார். "அப்படியானால் நான் இத்தனை வருஷம் நடத்தியது நம் பிள்ளைகளின் குடலை அல்ல. நல்ல தண்ணீர் கொடுத்தால் இங்கேயே அது விரலாக வளருமா? நீ அங்கிருந்து பார்த்துச் சொல்." அந்த வருடமே நம் பள்ளிக் கிணற்றுத் தண்ணீரை அவர் சோதனைக்கு அனுப்பி, தொட்டியைக் கழுவ ஆள் வைத்தார் என்று லேப் அட்டெண்டர் அண்ணன் சொன்னார். அப்போது அவர் ஓய்வு பெற்றுப் பல வருடம் ஆகியிருந்தது.

உலகில் பல இடங்களில் இந்தக் கேள்வியை வைத்து ஆய்வு நடக்கிறது, கிராமக் குழந்தைகளின் வளர்ச்சி குன்றுவதோடும் இதைச் சேர்த்துப் பார்க்கிறார்கள். ஆனால் அவர் கேட்டது என்னிடம். பதில் தேட வேண்டிய இடம் உசிலம்பட்டியும் பேரையூரும். நான் இங்கே வேறு ஊர்ப் பிள்ளைகளின் திசுவை நிமிர்த்தி வைத்துக்கொண்டிருக்கிறேன். எனக்குச் சோறு போட்ட வேலை, பிடித்த வேலை. ஆனாலும் அந்தக் கார்டை எடுக்கும்போதெல்லாம், கைத்தொழிலைக் கற்றுக்கொண்டு மதுரைக்கே திரும்பியிருக்கலாம் என்று மனசு அடித்துக்கொள்கிறது.

சாரிடம் படித்த யாராவது விலங்கியல் ரெக்கார்ட் நோட்டை இன்னும் வைத்திருந்தால் சங்கத்துக்கு எழுதுங்கள். பக்க ஓரத்தில் சிவப்பு மையில் அவர் எழுதிய குறிப்புகளை மட்டும் படம் எடுத்து அனுப்பினாலும் போதும். என் நோட்டு ஊரில் கரையான் அரித்துவிட்டது. சேர்த்து ஒரு தொகுப்பாக அச்சிட்டு, அவர் வீட்டு அம்மாவிடம் ஒன்றும் நம் லேபில் ஒன்றும் கொடுக்கலாம். பள்ளித் தண்ணீர்த் தொட்டியை வருடத்துக்கு இரண்டு முறை கழுவிச் சோதிக்கும் செலவை நான் ஏற்கிறேன், கூட வருகிறவர்கள் வரலாம்.